என்னை ஒரு வார்த்தை கேட்கலையே

கேரளத்தில், பாலக்காடு மாவட்டத்துக் கொழிஞ்சாம்பாறைப் பக்கம் எங்களுக்குக் கொஞ்சம் தென்னந்தோப்பு இருக்கிறது. அதற்குப் போகும் வண்டித்தடத்தில் பக்கத்துத் தோட்டக்காரர் வேலி போட்டார். முன்சீப் கோர்ட்டில் அப்பாவுக்குச் சாதகமாகத் தீர்ப்பானது. அவர்கள் மேல்முறையீடு செய்தது எங்களுக்குத் தெரியவே தெரியாது. ஒருநாள் காலையில் மறுபடியும் தடத்தை அடைத்துவிட்டு, மேல்கோர்ட்டில் ஜெயித்த காகிதத்தைக் காட்டினார்கள்.

"தோத்தது கூடப் பரவாயில்லை, என்னை ஒரு வார்த்தை கேட்கலையே!" அன்றெல்லாம் அப்பா இதையேதான் சொல்லிக்கொண்டிருந்தார். சாப்பிடவில்லை.

வக்கீல் வழக்குக் கட்டைப் புரட்டிப் பார்த்தார். நாங்கள் காலி செய்த பழைய வீட்டுக் கதவில் நோட்டீஸை ஒட்டியிருக்கிறார்கள். ஒட்டுவது சட்டத்தில் உள்ளதுதான். ஆனால் வீட்டை அடையாளம் காட்டியவர் யார், யார் முன்னிலையில் ஒட்டியது என்று அமீன் (நோட்டீஸ் கொண்டுபோகும் கோர்ட் ஊழியர்) எழுதியாக வேண்டும் (சிவில் நடைமுறைச் சட்டம், கட்டளை 5, விதி 17). எங்கள் வழக்கில் அவர் எழுதிய அறிக்கையில் வீடு பூட்டியிருந்தது, ஒட்டப்பட்டது என்பதோடு சரி. ஒரு சாட்சியின் பெயர்கூட இல்லை.

கட்டளை 41, விதி 21-ன்படி மறுவிசாரணை கேட்டு மனு போட்டோம். கெடு 30 நாள். நோட்டீஸ் முறையாகச் சேராவிட்டால், தீர்ப்பு நமக்குத் தெரியவந்த நாளிலிருந்து அதை எண்ணுவார்கள். அந்த நாளை நாம்தான் காட்ட வேண்டும். வேலி போட்ட அன்றே போலீசில் கொடுத்த புகாரின் ரசீது கைகொடுத்தது. இந்த மாதிரித் துண்டுக் காகிதங்களைத் தயவுசெய்து தூக்கிப் போடாதீர்கள்.

நீதிபதி அமீனைக் கூண்டில் ஏற்றி விசாரித்தார். பழைய தீர்ப்பு ரத்தாகி, மேல்முறையீடு மறுபடி விசாரணைக்கு வந்தது. முடிவில் தடத்துக்கு 12 அடி அகலம் கேட்ட இடத்தில் 8 அடிதான் கிடைத்தது. அப்பாவின் சாட்சியத்தை ஏன் முழுசாக ஏற்கவில்லை என்று இரண்டு பக்கத்துக்குக் காரணம் எழுதியிருந்தார்கள். அந்த இரண்டு பக்கத்தையும் தமிழில் சொல்லச் சொல்லி அப்பா இரண்டு தடவை கேட்டார். அப்புறம்தான் சாப்பிட உட்கார்ந்தார்.

மறுமொழி

அண்ணா, நான் இடுக்கி மாவட்டம் தேவிகுளத்திலிருந்து எழுதுகிறேன். எங்கள் கதை இதற்கு நேர்மாறு. மேல்முறையீடு எங்களுடையது. வாய்தா அன்று எங்கள் வக்கீல் வரவில்லை, தள்ளுபடி ஆகிவிட்டது. எல்லாம் போச்சு என்றுதான் நினைத்தேன். ஆனால் மேல்முறையீடு செய்தவர் தரப்பில் யாரும் வராத அன்று, வராததற்காகத் தள்ளுபடி செய்யலாமே தவிர, வழக்கின் நியாயத்துக்குள் போய்த் தீர்ப்புச் சொல்ல முடியாதாம். 30 நாளுக்குள் தக்க காரணம் காட்டினால் திரும்ப எடுப்பார்கள். வக்கீல் வராத குற்றத்துக்குக் கட்சிக்காரரைத் தண்டிக்கக் கூடாது என்று 1981-லேயே ரஃபீக் – முன்ஷிலால் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. அதையும் சேர்த்துத்தான் மனு போட்டோம்.

எனக்கு மலையாளம் பேச வரும், படிக்க வராது. அதனால் புது வக்கீல் பிரமாணப் பத்திரத்தை வரிவரியாகத் தமிழில் சொன்ன பிறகே கையெழுத்துப் போட்டேன். மனுவை ஏற்றுக்கொண்டார்கள். இனி ஒவ்வொரு வாய்தாவுக்கும் நானே போவேன். விடியுமுன் பஸ் பிடித்தால்தான் கோர்ட் கூடும் நேரத்துக்குப் போய்ச் சேர முடியும்.