அப்பாவின் 'ம்ம்': அவர் சொல்வதா, நானாக நினைத்துக்கொள்வதா?

மரத்தூள் (கேள்வி)

அப்பாவுக்குப் பக்கவாதம் வந்து ஏழு மாதங்கள் ஆகின்றன. பாதிப்பு மூளையின் இடப்பக்கத்தில். வலது கையும் காலும் பலவீனமாகிவிட்டன, பேச்சு போய்விட்டது. 'ம்ம்' என்ற ஒலியும் 'அதான்' என்ற ஒரு சொல்லும்தான் மிச்சம். இந்த இரண்டை வைத்தே நாள் முழுவதையும் ஓட்டுகிறார்.

பார்க்க வருகிறவர்கள் எல்லோரும் ஒரே யோசனையைத்தான் சொல்கிறார்கள்: "பேச வராவிட்டால் என்ன, எழுதிக் காட்டச் சொல்லுங்கள்." முதல் வாரமே சிலேட்டும் சாக்பீஸும் வாங்கிக் கொடுத்தேன். இடது கையால் பிடித்தார். தன் பெயரின் முதல் எழுத்தைப் போட்டார். அப்புறம் அதன் மேலேயே திரும்பத் திரும்ப அதே எழுத்தை எழுதிக்கொண்டிருந்தார். நான்தான் சிலேட்டை மெல்ல வாங்கி வைத்தேன். நாளிதழைக் கொடுத்தால் நேராகப் பிடிக்கிறார், படங்களைப் பார்க்கிறார், ஆனால் எழுத்துகளின் மேல் கண் நிற்பதில்லை. பேச்சு வாயில் இருக்கிறது, எழுத்து கையில் இருக்கிறது, ஒன்று போனாலும் இன்னொன்று இருக்கும் என்றுதான் அதுவரை நானும் நினைத்திருந்தேன்.

அப்பா தச்சர். பட்டறையில் அவர் எழுதி நான் அதிகம் பார்த்ததில்லை. ஆனால் பென்சில் எப்போதும் காதில் இருக்கும். நான்கு பலகைகளை ஒட்டி மேசைப் பரப்பு செய்யும்போது, அவற்றை வரிசையாக அடுக்கி, நான்கின் மேலும் படும்படி ஒரே ஒரு பெரிய முக்கோணம் போடுவார். பிறகு பலகைகள் எப்படிக் கலைந்தாலும், எது முதலில், எந்தப் பக்கம் மேலே என்று அந்த உடைந்த கோடுகளே சொல்லிவிடும். அறுத்து எறிய வேண்டிய பக்கத்தில் ஒரு பெருக்கல் குறி. சிறு வயதில் அதுதான் அப்பாவின் கையெழுத்து என்று நம்பிக்கொண்டிருந்தேன்.

இப்போது ஒரு நோட்டில் அவருடைய ஒலிகளைக் குறித்து வைக்கிறேன். சட்டென்று இறங்கும் 'ம்ம்' என்றால் போதும். மேலே ஏறி நின்றால் 'என்ன அது?' மாலையில் நீளமாக, தாழ்ந்த குரலில் வரும் 'ம்ம்ம்' என்றால் 'பக்கத்தில் உட்கார்'. ஜன்னலைக் காட்டி 'அதான்' என்றால் திற, அல்லது மூடு.

அக்கா ஒப்புக்கொள்வதில்லை. "நீயாக அர்த்தம் கொடுத்துவிட்டு, அவர் சொன்னதாக நினைத்துக்கொள்கிறாய்" என்கிறாள். கோபமாகச் சொல்லவில்லை, வருத்தத்தோடுதான் சொன்னாள். அதனால்தான் அது உள்ளே இறங்கிவிட்டது. அவர் சொல்கிறாரா, நான் கற்பனை செய்கிறேனா என்று தெரிந்துகொள்ள ஏதாவது வழி இருக்கிறதா? சைகை மொழி கற்றுக்கொடுத்தால் உதவுமா?

பொறுமைப்பயிற்சி

நான் பேச்சுப் பயிற்சியாளர். உங்கள் அப்பாவை நேரில் பார்க்காமல் அவர் நிலையைப் பற்றி எதுவும் உறுதியாகச் சொல்லக் கூடாது. பொதுவாகச் சொல்கிறேன். இது அஃபேசியா. பழுதானது வாய் அல்ல, மொழி. பேசுவது, பேச்சைப் புரிந்துகொள்வது, படிப்பது, எழுதுவது எல்லாமே மொழியில் நிற்பவை என்பதால் பெரும்பாலும் சேர்ந்தே அடிபடும். சிலேட்டில் அவர் தோற்றது கையால் அல்ல. ஆனால் மொழி போனால் மனிதரே போய்விட்டார் என்று ஆகாது. நினைவும் விருப்பு வெறுப்பும் நீங்கள் யார் என்பதும் உள்ளே இருக்கலாம்.

1861-இல் பாரிஸுக்கு அருகே பிசேத்ர் மருத்துவமனையில் பால் ப்ரோக்கா என்ற மருத்துவர் லெபோர்ன் என்ற நோயாளியைப் பார்த்தார். அவர் வாயில் வந்தது 'தான்' என்ற ஒரே அசை. எல்லோரும் அவரை அந்தப் பெயரிலேயே அழைத்தார்கள். வலது கை செயலிழந்திருந்தது. இங்கே எத்தனை வருடமாக இருக்கிறீர்கள் என்று ப்ரோக்கா கேட்டார். லெபோர்ன் இடது கையை நான்கு முறை விரித்துக் காட்டி, ஐந்தாவதாக ஒரு விரலை நீட்டினார். இருபத்தொன்று. கணக்கு சரியாக இருந்தது. மறுநாள் கேட்டபோதும் அதே விடை. மூன்றாவது முறை கேட்டபோது தன்னைச் சோதிக்கிறார்கள் என்று புரிந்துகொண்டு கோபத்தில் திட்டிவிட்டார். அந்தத் திட்டு மட்டும் முழுச் சொற்களாக வந்தது.

அவர் இறந்தபின் ப்ரோக்கா அவருடைய மூளையை ஆராய்ந்தார். மருத்துவ வரலாற்றில் அந்த மூளைக்குத்தான் பெயர் கிடைத்தது. எனக்கு அந்த இடது கைதான் பெரிது.

உங்கள் கேள்விக்கு வருகிறேன். நீங்கள் ஊகித்ததை மட்டுமே அவர் முன் வைத்தால், அது சரியா என்று உங்களுக்கு ஒருபோதும் தெரியாது. ஆகவே அவர் உங்களை மறுக்க வழி கொடுங்கள். ஜன்னலைக் காட்டினால் உடனே எழுந்து திறக்காதீர்கள். தொடர்பே இல்லாத ஒரு பொருளையும் சேர்த்து மூன்று பொருள்களை முன்னால் வையுங்கள். சில நேரம் வேண்டுமென்றே தப்பான ஒன்றைச் செய்யுங்கள். தப்பை அவர் நிறுத்தினால், திருத்தினால், அங்கே ஒருவர் பேசிக்கொண்டிருக்கிறார் என்று அர்த்தம். எதைச் செய்தாலும் ஒரே மாதிரி இருந்தால், அந்த அர்த்தம் உங்களுடையதாக இருக்கலாம்.

ஒரு எச்சரிக்கை. அஃபேசியா உள்ளவர்களுக்கு 'ஆம்', 'இல்லை' என்று தலையசைப்பது அடிக்கடி மாறிப்போகும். தலையை மட்டும் நம்பாதீர்கள், அவர் கை எதை நாடுகிறது என்று பாருங்கள். அப்புறம், மூன்றாவது முறை கேட்டபோது லெபோர்னுக்கு வந்த கோபத்தை மறந்துவிடாதீர்கள். உங்கள் அப்பா உங்கள் பரிசோதனைக்கூடம் அல்ல. ஒரு நாளைக்கு ஒரு முறை போதும்.

கரையோரம்

அக்கா சொன்னதற்காக மனம் தளராதீர்கள். மனிதர்கள் பேசிக்கொள்வதில் 93 சதவீதம் சொற்களுக்கு வெளியேதான் இருக்கிறது என்று படித்திருக்கிறேன். முகமும் குரலும்தான் எல்லாம். உங்கள் அப்பாவிடம் அந்த 93 அப்படியே இருக்கிறது.

இரண்டு மொழி வீடு

கரையோரம், ஆறுதலாகச் சொன்னது புரிகிறது. ஆனால் அந்த எண்ணை விட்டுவிடலாம். அது 1967-இல் ஆல்பர்ட் மெஹ்ரேபியன் செய்த இரண்டு ஆய்வுகளிலிருந்து வந்தது. தனித்தனிச் சொற்கள், பதிவுசெய்த குரல், முகப் படங்கள் ஆகியவற்றை வைத்து, ஒருவர் நம்மை விரும்புகிறாரா வெறுக்கிறாரா என்பதை எதிலிருந்து ஊகிக்கிறோம் என்று பார்த்தார். உணர்வைப் பற்றிப் பேசும்போது மட்டுமே அது பொருந்தும் என்று அவரே சொல்லியிருக்கிறார். 93 சதவீதம் உண்மையாக இருந்தால், தெரியாத மொழியில் ஒருவர் பேசுவதும் நமக்குப் பெருமளவு புரிய வேண்டுமே. மரத்தூளின் அப்பா இழந்தது மிகப் பெரியது. அதைச் சிறிதாக்கிச் சொன்னால் அவருடைய உழைப்பும் சிறிதாகிவிடும்.

சைகை மொழி பற்றிக் கேட்டீர்கள். என் பெற்றோர் இருவரும் காது கேளாதவர்கள். நான் முதலில் கற்ற மொழி கையில்தான். அதனால் இதை அழுத்திச் சொல்ல வேண்டியிருக்கிறது: சைகை மொழியும் சைகை காட்டுவதும் ஒன்றல்ல. கை வடிவம், இடம், அசைவு ஆகியவை சேர்ந்து சொற்களாகின்றன என்று வில்லியம் ஸ்டோகி 1960-இலேயே அமெரிக்க சைகை மொழியை வைத்துக் காட்டினார். இலக்கணம் உண்டு, சிலேடை உண்டு, வாய்தவறுவது போலக் கைதவறுவதும் உண்டு. 1880-இல் மிலான் நகரில் கூடிய கல்வியாளர்கள் பள்ளிகளில் இதை ஒதுக்க முடிவெடுத்தார்கள். என் அப்பா படித்த பள்ளிவரை அந்த முடிவின் நிழல் நீண்டிருந்தது. வகுப்பில் கையை அசைத்தால் அடி.

அது முழு மொழி என்பதால்தான் உங்கள் அப்பாவுக்கு அது சுலபமான வழியாக இருக்காது. 1980-களில் அமெரிக்காவின் சால்க் ஆய்வுக்கூடத்தில் உர்சுலா பெல்லூகியும் உடனிருந்தவர்களும், பக்கவாதம் வந்த காது கேளாதவர்களை ஆராய்ந்தார்கள். மூளையின் இடப்பக்கம் பழுதானவர்களுக்குச் சைகை மொழி குலைந்திருந்தது. கை நன்றாக அசைந்தும் மொழி வரவில்லை. பின்னால் பதிவான ஒருவரோ சைகை மொழியை இழந்தும், நடித்துக் காட்டுவதை இழக்கவில்லை. மொழியும் நடித்துக் காட்டுவதும் வேறு வேறு வழிகளில் போகின்றன போலும். உங்கள் அப்பாவுக்கு இந்த இரண்டாவது வழி எவ்வளவு திறந்திருக்கிறது என்று பாருங்கள். கை பழகிய வேலையிலிருந்து தொடங்குங்கள்.

தொலைமுரசு

இரண்டு ஒலிகள்தான் மிச்சம் என்றீர்கள். காங்கோவில் கேலே மொழி பேசுபவர்களின் முரசும் அப்படித்தான், மேல் ஒலி, கீழ் ஒலி என்று இரண்டே. அதை வைத்து ஊர்விட்டு ஊர் செய்தி அனுப்பினார்கள். ஜான் கேரிங்டன் அங்கே வாழ்ந்து, கற்று, 1949-இல் அதைப் பற்றி எழுதினார். முரசில் நிலாவுக்கும் கோழிக்கும் ஒரே ஒலிதான், இரண்டுமே மேல்-மேல். அதனால் முரசடிப்பவர் வெறுமனே நிலா என்று அடிக்க மாட்டார், 'பூமியைக் குனிந்து பார்க்கும் நிலா' என்று நீட்டி அடிப்பார். ஒலி குறைவாக இருப்பதால் சுற்றிலும் உள்ளதைக் கூட்டிக் குழப்பத்தைத் தீர்க்கிறார்கள்.

உங்கள் நோட்டில் ஒலியை மட்டும் எழுதியிருக்கிறீர்கள். அதோடு நேரம், அவர் பார்வை போன இடம், கையில் இருந்தது, அதற்கு முன் நடந்தது எல்லாவற்றையும் எழுதிப் பாருங்கள்.

பொறுமைப்பயிற்சி

ஒன்றை விட்டுவிட்டேன். அவரோடு சேர்ந்து பழைய பாட்டு ஏதாவது பாடிப் பாருங்கள். பேச்சு வராத சிலருக்குப் பாட்டில் சொல் வரும். 1973 முதல் இதை வைத்தே ஒரு பயிற்சி முறை இருக்கிறது. எல்லோருக்கும் வராது. வந்தாலும் அது உடனே பேச்சாக மாறிவிடாது. ஆனால் தன் குரலில் சொற்களைக் கேட்கும்போது அவர்கள் முகத்தைப் பார்க்க வேண்டும்.

மரத்தூள்

மூன்று வாரம் கழித்து எழுதுகிறேன். எல்லோருக்கும் நன்றி.

முதலில் ஜன்னல். காலையில் அவர் அதைக் காட்டி 'அதான்' என்றதும் எழுந்திருக்கவில்லை. ஒரு தட்டில் அவர் கண்ணாடி, துண்டு, திருப்புளி மூன்றையும் வைத்து நீட்டினேன். திருப்புளியை நான் தப்பான பொருளாகத்தான் வைத்தேன். அதைத்தான் எடுத்தார். எடுத்து இடது மணிக்கட்டை இரண்டு முறை திருகிக் காட்டினார். போய்ப் பார்த்தால் கீழ்க் கீலில் ஒரு திருகு பாதி வெளியே நிற்கிறது, கதவு சட்டத்திலிருந்து ஒரு நூல் அளவு தொங்கியிருக்கிறது. மாதக்கணக்கில் அந்த ஜன்னலைத் திறந்தும் மூடியும் அவரை அலைக்கழித்திருக்கிறேன். முடுக்கிவிட்டதும், சக்கர நாற்காலியை ஜன்னல் பக்கம் தள்ளச் சொல்லிக் கை காட்டினார். கதவை உள்ளங்கையால் ஆட்டிப் பார்த்து, இறங்கும் 'ம்ம்' ஒன்று சொன்னார். நோட்டில் முதல் வரி சரி.

மாலை 'ம்ம்ம்' அப்படி இல்லை. அந்த ஒலி வந்ததும் ஒரு நாள் எழுந்து வெளியே போனேன், அவர் என்னைப் பார்க்கவே இல்லை, ஒலியும் நிற்கவில்லை. இன்னொரு நாள் பக்கத்தில் உட்கார்ந்தேன், அப்போதும் நிற்கவில்லை. தொலைமுரசு சொன்னபடி பார்வை போன இடத்தைக் குறித்ததில் தெரிந்தது, அவர் பார்வை ஒவ்வொரு முறையும் மேலே, டியூப்லைட் பக்கம் போய்த் திரும்பியது. அணைத்தேன். நின்றுவிட்டது. மறுநாளும் அதேதான். அக்கா அந்த ஒன்றில் சொன்னது சரி, அவளிடம் சொல்லிவிட்டேன். ஏழு மாதமாக என் மனது கேட்க விரும்பியதை அவர் வாயில் வைத்திருக்கிறேன் என்று தெரிந்தபோது கொஞ்ச நேரம் எதுவும் செய்யத் தோன்றவில்லை. இப்போது விளக்கை அணைத்துவிட்டுப் பக்கத்தில் உட்கார்கிறேன். போகச் சொல்லி அவர் எதுவும் காட்டவில்லை.

பாட்டில் இதுவரை சொல் வரவில்லை, மெட்டு மட்டும் வருகிறது.

நேற்று நான்கு சிறு பலகைத் துண்டுகளில் நானே முக்கோணம் போட்டு, கலைத்து அவர் மடியில் வைத்தேன். அடுக்கினார். மூன்றாவது துண்டைத் தலைகீழாக வைத்து, உடனே எடுத்துத் திருப்பி வைத்தார். நான் வாய் திறக்கவே இல்லை. அப்புறம் என் பென்சிலைக் கேட்டுக் கை நீட்டினார். நான் போட்ட கோடு ஒரு இடத்தில் பலகையின் விளிம்பைத் தொடாமல் நின்றிருந்தது, அதை இடது கையால் நீட்டி முடித்தார்.

பொறுமைப்பயிற்சி, இந்தப் பென்சிலை இப்போது அவரிடமே விட்டுவைக்கலாமா? எழுத்து வேண்டாம், குறிகள் மட்டும்தான்.