உடனாக்கம்: இ.ஏ. டுபோன் படங்களுக்கு ஒரு கலைச்சொல்

எல்லாருக்கும் வணக்கம்,

ஜெர்மன் சினிமா டைரக்டர் எவால்ட் ஆந்த்ரே டுபோன் பத்தின கட்டுரைக்காக ‘மல்டிபிள் லாங்வேஜ் வெர்ஷன்’ங்கிறதுக்கு, அதாவது ஒரே கதையை மொழிக்கு மொழி நடிகர்களை மாத்தித் தனித்தனியா எடுக்கற படத்துக்கு, தமிழ்ல என்ன போடலாம்னு கேட்டிருந்தேன். ரெண்டு பேர் ‘மொழிமாற்றுப் படம்’ (டப்பிங்) போதும்னு சொல்லியிருக்கீங்க, ஒருத்தர் ‘மறுஆக்கம்’னு (ரீமேக்). ரெண்டுமே இங்க பொருந்தாதுங்க, ஏன்னு சொல்றேன்.

டுபோன் 1891ல ஜெர்மனியில ஸைட்ஸ்ங்கிற ஊர்ல பிறந்தவர். பெர்லின்ல சினிமா விமர்சனம் எழுதி, திரைக்கதைக்கு வந்து, அப்புறம் டைரக்டர் ஆனவர், 1919லயே திரைக்கதை எழுதறது எப்படின்னு புத்தகமும் போட்டுட்டார். 1925ல வந்த ‘வரியேட்டே’தான் உலகம் பூரா பேர் வாங்கிக் கொடுத்துச்சு. எமில் யானிங்ஸ் அதுல அந்தரத்துல பார் விளையாடறவர், கார்ல் ஃப்ராய்ண்டோட கேமராவும் அவங்க கூடவே ஆடும், கீழ இருக்கிற கூட்டம் அப்படியே சுழலும், பாக்கறவனுக்கே தலை சுத்தும். அதே காலத்து ஜெர்மன் டைரக்டர்கள் முர்னாவையும் லாங்கையும் கொண்டாடறவங்க இவர் பேரைச் சொல்லாம விடறது எனக்கு உண்மையிலேயே வருத்தம்.

விஷயம் 1929ல வருது. டைட்டானிக் கதையை வெச்சு இங்கிலாந்துல எல்ஸ்ட்ரீ ஸ்டுடியோவுல ‘அட்லாண்டிக்’ எடுக்கறார். பேசும் படம் அப்பதான் வந்திருக்கு, வசனத்தை ஷூட்டிங்லயே மைக் வெச்சுப் புடிச்சாகணும், நாம இப்ப பண்ற மாதிரி டப்பிங் பண்ற வசதி வளரலை, ஆனா படத்தை ஜெர்மனியிலயும் வித்தாகணும். அதனால ஒரே கதை, ஒரே டைரக்டர், ஆனா இங்கிலீஷுக்கு ஃப்ராங்க்ளின் டயல், ஜெர்மனுக்கு ஃப்ரிட்ஸ் கோர்ட்னர்னு நடிகர்களை மாத்தித் தனித்தனியா எடுத்தாங்க, பிரெஞ்சுக்கும் ஒண்ணு வந்துச்சு. ஜெர்மன்ல முழுசாப் பேசின முதல் படம்னு சொல்றது இதைத்தான், ஆனா எடுத்தது இங்கிலாந்துல! இங்கிலீஷ் படத்துல ஒவ்வொருத்தரும் வார்த்தைக்கு வார்த்தை நிறுத்தி நிறுத்திப் பேசறாங்க, கப்பல் முழுகப் போவுதுங்கற நேரத்துலயும் அதே நிதானம், கேமராவைப் பறக்கவிட்ட ஆளு இப்படி மைக் பக்கத்துல கட்டுண்டு கிடக்கறதைப் பாக்க மனசு கேக்கலை. அதுக்கப்புறம் ‘டூ வேர்ல்ட்ஸ்’, ‘கேப் ஃபோர்லார்ன்’ ரெண்டும் இதே வழியில மூணு மூணு மொழியில வந்துச்சு.

இப்ப சொல்லுக்கு வருவோம். மொழிமாற்றுன்னா குரல்தான் மாறும், இங்க ஆளே மாறுது. மறுஆக்கம்னா ஒண்ணு முந்தி ஒண்ணு பிந்தி, இங்க எதுவும் மூலம் இல்லை, எதுவும் நகல் இல்லை. ‘பன்மொழிப் படம்’னா ஒரே படத்துல பல மொழி பேசறாங்கன்னு ஆயிடும். ‘இணைமொழி’ நல்லாத்தான் இருக்கு, ஆனா மலேசியாவுல பள்ளிக்கூடத்துப் பசங்களுக்கு அது ‘அல்லும் பகலும்’ மாதிரி சொல்ஜோடி, குழம்பிடும்.

அதனால ‘உடனாக்கம்’னு வெக்கலாம்ங்கறேன். மறுஆக்கத்துக்குப் பக்கத்துல வெச்சா வித்தியாசம் சட்டுன்னு புரியும், கூடவே எடுத்ததுங்கிற அர்த்தமும் வருது. நம்ம ஊருக்கும் உதவும்: 1955ல தெலுங்குல என்.டி.ராமாராவ், தமிழ்ல ஜெமினி கணேசன், ரெண்டுலயும் சாவித்திரின்னு வந்த ‘மிஸ்ஸம்மா’, ‘மிஸ்ஸியம்மா’ ரெண்டும் உடனாக்கங்கள்தானே? ‘இருமொழிப் படம்’னு சொல்லிட்டு இருந்தோம், டுபோனுக்கு மூணு மொழி ஆயிடுச்சே, அங்க அது எட்டாது.

1933ல ஹிட்லர் ஆட்சி வந்ததும் யூதரான டுபோன் அமெரிக்கா போயிட்டார், அங்க சின்ன பட்ஜெட் படங்கள்தான் கிடைச்சுது, 1956ல இறந்தார். கட்டுரையில ‘அட்லாண்டிக்கின் ஜெர்மன் உடனாக்கம்’னே எழுதியிருக்கேன், இதைவிட நல்ல சொல் இருந்தா மாத்திடறேன், சொல்லுங்க.