பதிலுக்காகக் காத்திருந்த 75 ஃபிரேம்கள்

பாலக்கோட்டிலிருந்து ஓர் ஆசிரியை:

கல்வித் தொலைக்காட்சி 2019 ஆகஸ்டில் தொடங்கிய பிறகு பாடங்களைக் காணொலியாக்கும் ஆர்வம் எங்கள் பக்கத்து ஆசிரியர்களிடமும் பரவியது. மூன்றாம் வகுப்புக் கணக்குப் பாடம் ஒன்றைப் பதிவு செய்யச் சென்றபோது, சிறுவர் நிகழ்ச்சிகளையே பல ஆண்டுகளாகத் தொகுத்துவந்த படத்தொகுப்பாளர் ஒருவரைச் சந்தித்தேன். தருமபுரியில் கல்யாண வீடியோ மிக்சிங்கில் தொடங்கி, 2007-இல் சுட்டி டிவி வந்த காலத்தில் சென்னைக்குப் போய், தமிழ்க் குரல் சேர்த்த கார்ட்டூன்களில் வேலை பார்த்துவிட்டு ஊர் திரும்பியவர் அவர்.

புளி விற்ற பணத்தில் மீதி எவ்வளவு என்று கேட்டுவிட்டு, பதிவில் நான் சற்று நிறுத்தியிருந்தேன். உதவியாளர் அந்த மௌனத்தை வெட்டி, அடுத்த வாக்கியத்தை நெருக்கமாக ஒட்டிவிட்டார். "டீச்சர் கேட்டாச்சு, பிள்ளை எப்போப்பா பதில் சொல்லும்?" என்றார் படத்தொகுப்பாளர். நொடிக்கு 25 ஃபிரேம் (தனித்தனிப் படம்) என்ற கணக்கில் மூன்று நொடிக்கு 75 ஃபிரேம்களைத் திரும்பச் சேர்த்தார். பிறகு தாமே விரல் மடக்கிக் கூட்டிப் பார்த்து, போதாது என்று இன்னும் 20 சேர்த்தார். சினிமா எடிட்டருக்குக் கிடைக்கும் மதிப்பில் பாதிகூட இவருடைய வேலைக்குக் கிடைப்பதில்லை என்பது எனக்கு ஆறாத வருத்தம்.

கிருஷ்ணகிரியிலிருந்து, அந்தப் படத்தொகுப்பாளரிடம் தொழில் கற்ற ஒருவர்:

சந்தூர் நர்சரிகளில் மாங்கன்றுக்கு ஒட்டுக் கட்டுவதைப் பிள்ளைகளுக்காகப் படமாக்கியிருந்தோம். விறுவிறுப்பாக இருக்கட்டும் என்று பாட்டுப் போட்டு, இரண்டு நொடிக்கு ஒரு காட்சி மாறும்படி நான் வெட்டிவைத்தேன். அண்ணன் ஒன்றும் சொல்லாமல் அதைக் காவேரிப்பட்டினம் பக்கத்துப் பள்ளி ஒன்றில் போட்டுக்காட்டி, தாம் மட்டும் திரைக்கு முதுகு காட்டிப் பிள்ளைகளைப் பார்த்தபடி நோட்டுடன் உட்கார்ந்தார். அமெரிக்காவில் 1969-இல் செசமி ஸ்ட்ரீட் என்ற சிறுவர் நிகழ்ச்சி தொடங்கியபோது, எட்வர்ட் பால்மர் என்ற ஆய்வாளர் தொலைக்காட்சிக்குப் பக்கத்திலேயே வேறு படங்களை மாற்றி மாற்றிக் காட்டி, குழந்தையின் கண் எந்த இடத்தில் விலகுகிறது என்று குறித்தார் என்பதை வெகுநாள் கழித்துத்தான் படித்தேன். அண்ணன் அதைப் படித்தவர் அல்லர்.

ஒட்டுக்குச்சியை ஆப்புபோல் சீவி, கன்றின் தண்டுப் பிளவில் செருகும் இடத்தில்தான் பிள்ளைகளின் கண் விலகியிருந்தது. எது எதற்குள் போனது என்பதையே என் வெட்டுகள் மறைத்துவிட்டன. பாட்டை எடுத்தோம். கத்தி படுவது முதல் பாலித்தீன் நாடா சுற்றி முடியும்வரை, அந்தத் தொழிலாளியின் கைகளை ஒரே காட்சியாக 40 நொடி ஓடவிட்டோம். மறுவாரம் போட்டபோது முன்வரிசைச் சிறுமி ஒருத்தி, தன் பென்சிலில் ரிப்பனைக் கீழிருந்து மேலாகச் சுற்றிக்கொண்டிருந்தாள். அண்ணன் நோட்டை மூடிவிட்டு அவளையே பார்த்துக்கொண்டிருந்தார்.