மாருதி 800: காலையில் பெல்ட் கீச்சிடுகிறது, சார்ஜ் விளக்கு மினுக்குகிறது. ஆல்டர்னேட்டரை மாற்றத்தான் வேண்டுமா?

நாகர்கோவில்800

வணக்கம். என்னிடம் இருப்பது 2007 மாருதி 800, ஏசி மாடல். மழை ஆரம்பித்ததிலிருந்து காலையில் ஸ்டார்ட் செய்தவுடன் பானட்டுக்குள்ளிருந்து கீச்சென்று ஒரு சத்தம். பக்கத்து வீட்டு நாய் எழுந்து குரைக்கிறது. சிறிது நேரத்தில் தானாகவே அடங்கிவிடும். இரவில் ஹெட்லைட்டும் வைப்பரும் ஓடும்போது வண்டி நின்றால், டாஷ்போர்டில் பேட்டரி படம் போட்ட சிவப்பு விளக்கு மங்கலாக மினுக்குகிறது.

ஒரு கடையில் காட்டினேன். பானட்டைத் திறந்து எட்டிப் பார்த்தவர், ஆல்டர்னேட்டர் (எஞ்சின் ஓடும்போது பேட்டரியை சார்ஜ் செய்யும் பாகம்) போய்விட்டது, மாற்றிவிடலாம் என்றார். மீட்டர் எதையும் வைத்துப் பார்க்கவில்லை. அப்பாவோ, "முதல்ல ஃபேன் பெல்ட்டைப் பாருடா" என்கிறார். ஸ்பேனர் செட் இருக்கிறது, சாதாரண டிஜிட்டல் மல்டிமீட்டரும் இருக்கிறது. வீட்டிலேயே நானே பார்க்க முடியுமா? எங்கே தொடங்குவது?

மலைப்பாதை

ப்ரோ, எனக்கும் இதே சத்தம் வந்தது. குளியல் சோப்புக் கட்டியை பெல்ட்டின் உள்பக்கம் தேய்த்துவிட்டேன், அன்றோடு சத்தம் போச்சு. பவுடர் போட்டாலும் நிற்கும் என்கிறார்கள்.

பழைய ஸ்பேனர்

சோப்பு வேண்டாம் தம்பி. பெல்ட் வழுக்குவதால்தான் கத்துகிறது. அதில் சோப்பைப் பூசினால் சத்தம் இல்லாமல் வழுக்கும், அவ்வளவுதான். பேட்டரி காலியாவது நிற்காது, காது மட்டும் நிம்மதியாக இருக்கும். கடையில் விற்கும் பெல்ட் ஸ்ப்ரேயும் நோயை மறைக்கிற வேலையைத்தான் செய்கிறது.

உங்கள் அப்பா சொன்னது சரி. ஃபேன் பெல்ட் என்பது பழைய பெயர்தான், இந்த வண்டியில் ரேடியேட்டர் ஃபேன் தனி மோட்டாரில் ஓடுகிறது. நாம் பேசுகிற பெல்ட் எஞ்சின் சுற்றும் கிராங்க் புல்லியிலிருந்து வாட்டர் பம்பையும் ஆல்டர்னேட்டரையும் சுற்றுகிறது. காலையில் மட்டும் ஏன் கத்துகிறது என்று யோசியுங்கள். ஸ்டார்ட்டர் இப்போதுதான் பேட்டரியிலிருந்து ஒரு பெரிய வாய் குடித்திருக்கிறது. அதை நிரப்ப ஆல்டர்னேட்டர் முழு வேகத்தில் கரன்ட் கொடுக்கப் பார்க்கும். எவ்வளவு கரன்ட் கொடுக்கிறதோ அவ்வளவுக்கு அதைச் சுற்றுவது கனக்கும். பெல்ட் தளர்ந்திருந்தாலோ ஈரமாக இருந்தாலோ அந்தக் கனத்தை இழுக்க முடியாமல் புல்லி மேல் சறுக்கும். பேட்டரி கொஞ்சம் நிரம்பியதும் கனம் குறைகிறது, சத்தமும் அடங்குகிறது. நீங்கள் சொல்வது அப்படியே இதுதான்.

கத்துவது ஏசி பெல்ட்டாகவும் இருக்கலாம். கம்ப்ரஸருக்குத் தனி பெல்ட் உண்டு. ஏசி போடாமலே சத்தம் வருகிறதா என்று மட்டும் சொல்லுங்கள்.

நாகர்கோவில்800

ஏசி போடாமலே வருகிறது அண்ணா. மழைக்காலத்தில் நான் ஏசியைத் தொடுவதே இல்லை.

ஆட்டோ எலக்ட்ரீஷியன்

கையில் மீட்டர் இருக்கும்போது ஊகம் எதற்கு? டிசி 20 வோல்ட்டில் வைத்து பேட்டரி முனைகளிலேயே அளந்து பாருங்கள்.

காலையில் சாவி போடும் முன் ஒரு அளவு எடுங்கள். 12.6 இருந்தால் பேட்டரி நிறைந்திருக்கிறது. 12.4 என்றால் முக்கால், 12 பக்கம் வந்தால் கிட்டத்தட்ட காலி. அப்புறம் ஸ்டார்ட் செய்து, எந்த விளக்கும் போடாமல் ஒரு அளவு. 13.8 முதல் 14.5 வரை இருந்தால் ஆல்டர்னேட்டர் உயிரோடு இருக்கிறது. கடைசியாக ஹெட்லைட், வைப்பர், உள்ளே காற்றடிக்கும் புளோயர் எல்லாவற்றையும் போட்டு ஒரு அளவு. கொஞ்சம் இறங்குவது சகஜம். 13-க்குக் கீழே போய் அங்கேயே நின்றால் கோளாறு இருக்கிறது.

ஒன்று சொல்லிவிடுகிறேன். ஐடில் (ஆக்ஸிலேட்டரை மிதிக்காதபோது எஞ்சின் சுற்றும் வேகம்) குறைவாக இருந்தாலும், ஆல்டர்னேட்டருக்குள் பிரஷ் தேய்ந்தாலும், ஒரு டயோடு போனாலும் அந்தச் சிவப்பு விளக்கு இப்படி மினுக்கும். அதனால் மீட்டரைப் பார்க்கும்போது காதையும் வைத்திருங்கள். வோல்ட் இறங்குகிற அதே நேரத்தில் கீச்சென்றால் பெல்ட். சத்தமே இல்லாமல் இறங்கினால் நாங்கள் பார்க்க வேண்டிய வேலை.

நாகர்கோவில்800

அளந்தேன். சாவி போடும் முன் 12.3. ஸ்டார்ட் செய்ததும் கீச்சிட்டது, அடங்கிய பிறகு 13.9. எல்லா விளக்கும் புளோயரும் போட்டவுடன் மறுபடி கீச், மீட்டரில் 12.6, 12.8 என்று ஏறி இறங்கிக்கொண்டே இருந்தது.

ஆட்டோ எலக்ட்ரீஷியன்

13.9 வருகிறது என்றால் ஆல்டர்னேட்டருக்கு இப்போதைக்குக் காசு கொடுக்க வேண்டாம். பெல்ட்டைச் சரிசெய்துவிட்டு மறுபடி அளப்போம்.

பழைய ஸ்பேனர்

சரி, பெல்ட்டுக்கு வருவோம். எஞ்சின் ஆறியிருக்க வேண்டும், சாவி கையில் இருக்க வேண்டும், பேட்டரியின் நெகட்டிவ் முனையைக் கழற்றிவிட வேண்டும். கடைசியாகச் சொன்னதைச் சோம்பலில் விட்டுவிடாதீர்கள். ஆல்டர்னேட்டரின் பின்னால் உள்ள தடித்த கம்பி நேராகப் பேட்டரிக்குப் போகிறது. சாவி அணைந்திருந்தாலும் அதில் கரன்ட் உண்டு. ஸ்பேனர் அதையும் எஞ்சின் பாடியையும் சேர்த்துத் தொட்டால் வெல்டிங் பட்டறைதான்.

முதலில் கண்ணால் பாருங்கள். டார்ச் அடித்து, பெல்ட்டை லேசாகத் திருகிப் பக்கவாட்டைப் பாருங்கள். இது வி வடிவ பெல்ட். அடிப்பக்கம் அல்ல, இரண்டு சாய்ந்த பக்கங்கள்தான் புல்லியின் பள்ளத்தில் ஆப்பு மாதிரி இறுகிப் பிடித்து இழுக்கின்றன. அந்தப் பக்கங்கள் கண்ணாடி போலப் பளபளத்தால் ஏற்கெனவே நிறைய வழுக்கியிருக்கிறது. குறுக்கே வெடிப்பு, நூல் பிரிதல், ஆயிலோ கூலன்ட்டோ ஊறியிருப்பது, இவற்றில் ஒன்று இருந்தாலும் டைட் செய்து பயனில்லை, மாற்ற வேண்டும். பெல்ட்டின் முதுகு புல்லியின் விளிம்புக்குச் சமமாக இருக்க வேண்டும். பள்ளத்துக்குள் அமிழ்ந்து அடியைத் தொட்டுக்கொண்டிருந்தால் பக்கங்கள் தேய்ந்துவிட்டன என்று பொருள். அதை எவ்வளவு இழுத்தாலும் பிடிக்காது.

அடுத்து தளர்ச்சி. இரண்டு புல்லிகளுக்கு நடுவே நீளமான பாகத்தின் மேல் ஒரு ஸ்டீல் ஸ்கேலைப் படுக்க வையுங்கள். நடுவில் கட்டைவிரலால் 10 கிலோ அழுத்தம் கொடுத்து, எவ்வளவு இறங்குகிறது என்று இன்னொரு ஸ்கேலால் அளக்க வேண்டும். இந்த மாதிரிச் சின்ன சுசுகி எஞ்சின்களுக்கு 6 முதல் 9 மில்லிமீட்டர் என்பது வழக்கமான அளவு. உங்கள் வண்டிக் கையேட்டில் வேறு எண் இருந்தால் அதையே எடுத்துக்கொள்ளுங்கள். 10 கிலோ எவ்வளவு என்று விரலுக்குத் தெரியாது. வீட்டில் எடை பார்க்கும் மெஷினைக் கட்டைவிரலால் அழுத்தி, முள் 10-ஐத் தொடும்வரை இரண்டு மூன்று தடவை பழகிக்கொண்டு போங்கள்.

தளர்வாக இருந்தால், ஆல்டர்னேட்டர் ஒரு பக்கம் கீல் போன்ற நீள போல்ட்டிலும் மறுபக்கம் நீளத் துளையுள்ள பட்டையிலும் நிற்பதைப் பாருங்கள். வழக்கமாக 12, 14 ஸ்பேனர் போதும். கீல் போல்ட்டைக் கொஞ்சம் தளர்த்துங்கள், முழுதாக வேண்டாம். நிறைய பேர் இதைத் தொடாமல் பட்டை போல்ட்டை மட்டும் தளர்த்தி இழுத்து, பட்டையையே வளைத்துவிடுகிறார்கள். பிறகு பட்டை போல்ட்டைத் தளர்த்தி, ஒரு மரக்கைப்பிடியை எஞ்சின் பிளாக்குக்கும் ஆல்டர்னேட்டரின் முன்பக்க, அதாவது புல்லி பக்க அலுமினியக் கூட்டுக்கும் நடுவே கொடுத்து வெளியே தள்ளுங்கள். நடுவிலோ பின்பக்கமோ முட்டுக் கொடுத்தால் கூடு விரிசல் விடும். தள்ளிப் பிடித்தபடியே பட்டை போல்ட்டை இறுக்குங்கள், தளர்ச்சியை மறுபடி அளங்கள், சரியென்றால் கீல் போல்ட்டை இறுக்குங்கள். ஒரு கை தள்ள, ஒரு கை இறுக்க வேண்டும். வீட்டில் யாரையாவது கூப்பிட்டுக்கொள்வது நல்லது.

மலைப்பாதை

சந்தேகத்துக்குக் கொஞ்சம் கூடுதலாகவே இறுக்கிவிட்டால் என்ன? மறுபடி தளராதே.

பழைய ஸ்பேனர்

பெல்ட் தளராது, பேரிங் அழும். கம்பி மாதிரி விறைத்த பெல்ட் ஆல்டர்னேட்டர் பேரிங்கையும் வாட்டர் பம்ப் பேரிங்கையும் ஒரே பக்கமாக இழுத்துக்கொண்டே இருக்கும். பம்ப் பேரிங் ஆடத் தொடங்கினால் சீல் போய் கூலன்ட் ஒழுகும். பெல்ட் விலை எங்கே, பம்ப் வேலைக்கூலி எங்கே! டைட் செய்த பின் ஊளையிடுவது போல ஒரு புதுச் சத்தம், வேகம் கூடக் கூட ஏறினால், அதிகமாக இறுக்கிவிட்டீர்கள்.

நாகர்கோவில்800

அப்பா தள்ள, நான் இறுக்கினேன். முதலில் அளந்தபோது 18 மில்லிமீட்டர் இறங்கியது. ஆனால் ஒரு பிரச்சினை. பட்டையில் உள்ள நீளத் துளையின் கடைசிக்கே போல்ட் வந்துவிட்டது. அதற்கு மேல் இடம் இல்லை. அப்போதும் 13 மில்லிமீட்டருக்குக் கீழே வரவில்லை. பெல்ட்டில் வெடிப்பு எதுவும் இல்லை, போன வருடம்தான் ஒரு கடையில் மாற்றியது. பக்கங்கள் மட்டும் நன்றாகப் பளபளக்கின்றன. காலையில் சத்தம் குறைந்தது, நிற்கவில்லை.

ஆட்டோ எலக்ட்ரீஷியன்

இதுதான் விஷயம். போன வருடம் போட்ட பெல்ட், துளையின் கடைசியிலும் டைட் ஆகவில்லை என்றால் நீளம் தப்பு. கடையில் கைக்குக் கிடைத்ததை மாட்டியிருப்பார்கள். மாட்டின அன்றைக்கு ஓடும், கொஞ்சம் இழுபட்டதும் சரிசெய்ய இடமே இருக்காது. பெல்ட்டின் முதுகைத் துணியால் துடைத்தால் அகலமும் நீளமும் அச்சிட்டிருக்கும். அதைக் குறித்துக்கொண்டு, ஆனால் அந்த எண்ணைக் கேட்டு வாங்காமல், வண்டியின் மாடலும் வருடமும் சொல்லி வாங்குங்கள். ஏசி உள்ளதா இல்லையா என்பதையும் சொல்லுங்கள்.

பழைய ஸ்பேனர்

கூடவே ஒரு சோதனை. பெல்ட்டைக் கழற்றியதும் ஆல்டர்னேட்டர் புல்லியையும் பம்ப் புல்லியையும் கையால் சுற்றிப் பாருங்கள், மேலும் கீழும் ஆட்டிப் பாருங்கள். சொரசொரவென்றோ ஆட்டமோ இருந்தால் இப்போதே தெரிந்துவிடும். பெல்ட் இருக்கும்போது இது தெரியாது. ஏசி பெல்ட் வழியை மறித்தால் அதை முதலில் கழற்ற வேண்டிவரும். புது பெல்ட்டை ஸ்க்ரூடிரைவரால் நெம்பி மாட்டாதீர்கள், உள்ளே இருக்கும் நூல் அறுந்துவிடும். ஆல்டர்னேட்டரை உள்பக்கம் முழுதாகத் தள்ளினால் கையாலேயே ஏறும்.

பிளாஸ்டிக் மூடிக்குள் இருக்கும் டைமிங் பெல்ட் வேறு. அந்தப் பக்கம் போகவே வேண்டாம்.

நாகர்கோவில்800

புது பெல்ட் போட்டாயிற்று. கடையில் பழையதையும் புதியதையும் சேர்த்துப் பிடித்துப் பார்த்தேன், பழையது கண்ணுக்குத் தெரிகிற அளவுக்கு நீளம். புதியதை டைட் செய்த பின்னும் துளையில் பாதிக்கு மேல் இடம் மிச்சம். புல்லிகள் இரண்டும் அமைதியாகச் சுற்றுகின்றன. 7 மில்லிமீட்டரில் நிறுத்தினேன். இப்போது ஐடிலில் 14.2, எல்லாவற்றையும் போட்டால் 13.6. மழையில் ஸ்டார்ட் செய்தேன், சத்தம் இல்லை, விளக்கும் மினுக்கவில்லை.

ஆட்டோ எலக்ட்ரீஷியன்

அருமை. டயோடு சந்தேகமும் தீர்ந்தது. புது பெல்ட் முதலில் கொஞ்சம் இளகும். சில நூறு கிலோமீட்டர் ஓடியதும் மறுபடி ஸ்கேல் வைத்துப் பாருங்கள். பேட்டரி 12.3-ல் இருந்ததால் ஒரு நீண்ட ஓட்டமோ, சார்ஜரில் ஒரு இரவோ கொடுங்கள்.

சேலம் ஸ்விஃப்ட்

இடையில் புகுந்து கேட்கிறேன். என் வண்டியில் பல பள்ளங்கள் உள்ள தட்டையான பெல்ட். அதற்கும் இதே முறைதானா?

பழைய ஸ்பேனர்

தானாக இறுக்கும் ஸ்பிரிங் டென்ஷனர் இருந்தால் நீங்கள் இறுக்குவதற்கு ஒன்றும் இல்லை. டென்ஷனரில் இருக்கும் குறி எல்லைக்குள் நிற்கிறதா என்று பார்த்தால் போதும். நிற்காவிட்டால் பெல்ட் நீண்டிருக்கும் அல்லது டென்ஷனர் களைத்திருக்கும். இப்போதைய பெல்ட்கள் பழைய ரப்பர் மாதிரி வெடிப்பதில்லை, பள்ளங்கள் அகலமாகித் தேய்கின்றன. வெடிப்பு இல்லை என்பதால் நன்றாக இருக்கிறது என்று நினைக்க வேண்டாம். அளவு முதுகிலேயே இருக்கும்: 4பிகே 850 என்றால் நான்கு மேடுகள், 850 மில்லிமீட்டர் நீளம்.

சத்தம் வந்தால், எஞ்சின் ஓடும்போது தூர நின்று மேடுள்ள பக்கத்தில் கொஞ்சம் தண்ணீர் தெளியுங்கள். சத்தம் கூடினால் டென்ஷன் போதவில்லை. நின்று மறுபடி வந்தால் புல்லிகள் ஒரே கோட்டில் இல்லை. சட்டைக் கை, துண்டு எதுவும் தொங்கக்கூடாது. சுசுகியின் ஸ்மார்ட் ஹைப்ரிட் வண்டி என்றால் வீட்டில் தொடாதீர்கள். அதில் இந்த பெல்ட் எஞ்சினை ஸ்டார்ட் செய்யும் வேலையையும் செய்கிறது.

நாகர்கோவில்800

கடைசிக் கேள்வி. திருநெல்வேலி போய் வர வேண்டியிருக்கிறது. பழைய பெல்ட்டை ஸ்பேராக டிக்கியில் போட்டுக்கொள்ளலாமா? வழியில் அறுந்தால் ஓட்டி வந்துவிட முடியுமா?

ஆட்டோ எலக்ட்ரீஷியன்

அந்தப் பளபளப்பான நீள பெல்ட்டைத் தூக்கிப் போடுங்கள். இப்போது மாட்டியிருக்கும் அளவிலேயே புதியது ஒன்று வாங்கி, 12, 14 ஸ்பேனரோடு டிக்கியில் வையுங்கள். அறுந்தால் முதலில் சிவப்பு விளக்கு எரியும். பேட்டரியில் கொஞ்ச தூரம் ஓடலாமே என்று தோன்றும், ஆனால் வாட்டர் பம்பும் நின்றுவிட்டது. ஆரல்வாய்மொழி தாண்டிக் காற்று எவ்வளவு அடித்தாலும் எஞ்சினுக்குள் தண்ணீர் சுற்றாது. விளக்கு எரிந்ததும் ஓரம் கட்டுங்கள், ஹீட் முள் ஏறும்வரை காத்திருக்காதீர்கள். ஆறிய பிறகு மாட்டிக்கொண்டு கிளம்பலாம்.