தேசிய நவீனக் கலைக்கூடம் தொடங்கிய வரலாறு: மாணவர்களுக்கு எப்படிச் சொல்வது?

கேள்வி: பாரூர் ஓவிய ஆசிரியர்

கிருஷ்ணகிரி மாவட்ட அரசுப் பள்ளி ஒன்றில் பணியாற்றுகிறேன். அடுத்த மாதம் ஒன்பதாம் வகுப்பு மாணவர்களைப் பெங்களூரு அரண்மனைச் சாலையிலுள்ள தேசிய நவீனக் கலைக்கூடத்துக்கு அழைத்துச் செல்லவிருக்கிறோம். சென்ற முறை ஒரு மாணவி, “பழைய பங்களாவில் என்ன சார் நவீனம்?” என்று கேட்டபோது மழுப்பிவிட்டேன். இக்கூடம் எப்படி உருவாயிற்று என்பதை அறிந்தவர்கள் விளக்கினால் உதவியாக இருக்கும்.

மறுமொழி: ஓசூர் வாசகன்

அந்த மாணவி சரியாகத்தான் கேட்டிருக்கிறாள், ஐயா. தலைமைக் கூடம் தில்லியில் இருக்கிறது. அதுவும் ஒரு மாளிகைதான். ஜெய்ப்பூர் மகாராஜாவின் தில்லி இல்லமாக 1936இல் கட்டப்பட்ட ஜெய்ப்பூர் இல்லத்தில், 1954 மார்ச் 29 அன்று, பிரதமர் நேரு முன்னிலையில், குடியரசுத் துணைத் தலைவராக இருந்த ராதாகிருஷ்ணன் அதைத் திறந்துவைத்தார். பரோடா அருங்காட்சியகத்தை நடத்திய ஜெர்மானியரான ஹெர்மன் கோட்ஸ் முதல் காப்பாட்சியரானார். ஓவியர் அம்ரிதா ஷேர்கில் 1941இல் இளம் வயதிலேயே இறந்த பின், கணவரும் தந்தையும் அளித்த அவருடைய ஓவியங்கள் இக்கூடத்தின் பெருஞ்செல்வமாயின. மும்பைக் கிளை 1996இலும் பெங்களூருக் கிளை 2009இலும் திறக்கப்பட்டன. மும்பையிலும் ஒரு பழைய பொது மண்டபத்தைத்தான் மாற்றியமைத்தார்கள்.

மறுமொழி: தருமபுரி, பழைய மாணவன்

மேலே நண்பர் ஓவியங்களோடு நிறுத்திவிட்டார். தில்லித் திறப்பு விழாவில் நடந்ததோ சிற்பக் கண்காட்சி. ராம்கிங்கர் பைஜ், தன்ராஜ் பகத் போன்ற சிற்பிகள் பங்கேற்ற அதில் பரிசு பெற்றது தேவி பிரசாத் ராய் சௌத்ரியின் ‘உழைப்பின் வெற்றி’. அப்போது அவர் சென்னை ஓவியப் பள்ளியின் முதல்வர். நாம் மெரினாவில் பார்க்கும் உழைப்பாளர் சிலை அதுவேதான்; அங்கே அது 1959இல் நிறுவப்பட்டது. பாறையை நெம்புகோலால் புரட்ட முயலும் நால்வரின் முதுகுத் தசைகளை மாணவர்கள் கவனிக்கட்டும். கல் குவாரிகள் நிறைந்த நம் மாவட்டங்களின் பிள்ளைகளுக்கு அந்த நெம்பலை எவரும் விளக்கவேண்டியதில்லை. மன்னனுக்கும் கடவுளுக்கும் சிலை வைத்த நாட்டில், பெயரில்லாத கூலிக்காரர்களை வடித்த படைப்புக்குத் தேசியக் கூடத்தின் முதல் பரிசு கிடைத்ததைத்தான் நான் ‘நவீனம்’ என்பேன். கட்டடத்தின் வயதைப் பற்றி எனக்குக் கவலையில்லை.

மறுமொழி: ஓசூர் வாசகன்

ஒப்புக்கொள்கிறேன்; சிற்பத்தை நான் விட்டிருக்கக் கூடாது. பெங்களூருக் கட்டடத்தைப் பற்றி ஒன்று: அது மாணிக்கவேலு மாளிகை. சுரங்கத் தொழிலில் பொருளீட்டிய மாணிக்கவேலு முதலியார் அதை மைசூர் அரச குடும்பத்திடமிருந்து வாங்கினார். வாசலில் அந்தப் பெயரைச் சொன்னாலே நம் பிள்ளைகள் நிமிர்ந்து பார்ப்பார்கள். பின்புறம் புதிதாக எழுப்பிய கட்டடத்தையும் காட்டுங்கள். பழையதும் புதியதும் பக்கத்திலேயே நிற்கும்.

மறுமொழி: பாரூர் ஓவிய ஆசிரியர்

இருவருக்கும் நன்றி. எங்கள் வகுப்பில் பலருடைய தந்தையர் குவாரியில்தான் வேலை செய்கிறார்கள். ஆகவே உழைப்பாளர் சிலையின் படத்தை முந்தைய நாளே கரும்பலகையில் ஒட்டி, கடப்பாரை பிடிக்கும் கைகளை வரையச் சொல்லப்போகிறேன். கலைக்கூடத்துக்குத் திங்கட்கிழமை விடுமுறை என்பதால் பயணத்தைச் செவ்வாய்க்கு மாற்றியிருக்கிறோம்.