ஊட்டி பல்கலைக்கழக மர்மத் தொடர்: உறைபனிக் காட்சி லாஜிக் இடிக்குதா?

கதைப்பட்டறை: கதை இதுதான். நீலகிரியில் ஒரு கற்பனைப் பல்கலைக்கழகம், பெரிய இடத்துப் பிள்ளைகள் படிப்பது. ஜனவரி இரவு, விடிய விடிய மூடுபனி. காலை 6 மணிக்கு மைதானப் புல்லில் ஆராய்ச்சி மாணவர் ஒருவரின் சடலம், சுற்றிலும் உறைபனி. டாக்டர் பார்த்ததுமே "நேத்து ராத்திரி 11.20" என்கிறார். அன்றிரவே போஸ்ட்மார்ட்டம். கொன்றவர் சக ஆய்வாளர். அவருடைய ஆய்வேட்டில் 35 சதவீதம் காப்பி என்பதை இறந்தவர் கண்டுபிடித்துவிட்டார். திரைக்கதையில் ஓட்டை இருந்தால் அடித்துத் துவைக்கலாம்.

தலைகுந்தா பனி: முதல் காட்சியே நிக்காது. விடிய விடிய மூடுபனின்னா உறைபனி எங்கிருந்து வரும்? வானம் தெளிஞ்சு, காத்து அசையாம இருக்கணும். அப்பதான் தரை தன் சூட்டை மேல விட்டுட்டு பூஜ்யத்துக்குக் கீழ இறங்கும். தலைகுந்தா, காந்தல், குதிரைப் பந்தய மைதானம் மாதிரி பள்ளமான திறந்தவெளியில வெள்ளையா படியும். பக்கத்துலயே மரத்தடியில ஒண்ணும் இருக்காது.

சோலைக்குருவி: அவ்வளவு கறாரா சொல்லாதீங்க. உறைபனி விழுந்த அதே பள்ளத்துல விடியற நேரத்துல மூடுபனி கிளம்பலாம். "விடிய விடிய"வை அடிச்சுட்டு "நாலரைக்கு மேல்"னு போட்டா ஷாட் தப்பிச்சுடும்.

தலைகுந்தா பனி: ஒத்துக்கறேன். ஆனா கையில இருக்கற தடயத்தையே கோட்டை விட்டிருக்காங்களே! 11 மணிக்கு விழுந்த உடம்புன்னா அடியில இருக்கற புல் பச்சையாவே இருக்கும். உடம்பு ஆற ஆற ஷூ முனையிலயும் சட்டை மடிப்புலயும் வெள்ளை பிடிக்கும். விடியற்காலை 5 மணிக்குக் கொண்டுவந்து போட்டதுன்னா அப்படியே தலைகீழ்: அடியில நசுங்கின உறைபனி, சட்டையில ஒண்ணுமில்ல.

சோலைக்குருவி: உடம்புச் சூட்டுல அடியில இருக்கறது உருகிடாதா?

தலைகுந்தா பனி: செத்த சூட்டோட போட்டா உருகும், புல் சொதசொதன்னு ஈரமா இருக்கும். வேற எங்கயோ ஆறு மணி நேரம் குளிர்ல கிடந்த உடம்புன்னா அவ்வளவா உருகாது. எப்படியும் வெயில் ஏறினா எல்லாம் போச்சு. உடம்பைத் தூக்கறப்பவே அடியில போட்டோ எடுக்கணும். திரைக்கதையில அதுக்கு ஒரு வரி கூட இல்ல.

தடயக்குறிப்பு: அந்த 11.20 வசனத்தை முதல்ல தூக்குங்க. இறந்து அரை மணி, ஒரு மணி நேரம் உள்வெப்பம் இறங்காமலே நிக்கலாம். அப்புறம் உடை, உடல்வாகு, ஈரம், காத்து எல்லாம் சேர்ந்து கணக்கை மாத்தும். இதையெல்லாம் சேர்த்து இறந்த நேரத்தைக் கணக்கிடற ஹென்ஸ்கே வரைபடமே, நிலைமை நல்லா இருந்தாலும், முன்பின் 2.8 மணி நேரம்னுதான் சொல்லும். செத்த உடம்பு விறைச்சுப் போறதை வெச்சும் தப்பிக்க முடியாது. குளிர்ல அது மெதுவா வந்து ரொம்ப நேரம் நிக்கும். டாக்டர் "9க்கும் 2க்கும் நடுவுல"ன்னா நம்பலாம்.

கதைப்பட்டறை: ஐந்து மணி நேர இடைவெளி விட்டால் சந்தேக வளையத்தில் விடுதியே வந்துவிடுமே.

தடயக்குறிப்பு: வரட்டும், மர்மத் தொடருக்கு அதுதானே வேணும்? ராத்திரி போஸ்ட்மார்ட்டமும் இடிக்குது. சூரியன் மறைஞ்ச பிறகும் செய்யலாம்னு மத்திய சுகாதார அமைச்சகம் 2021 நவம்பர்ல அனுமதிச்சதுல கொலை, தற்கொலை, சந்தேக மரணத்துக்கெல்லாம் விலக்கு இருக்கு. அதுக்கெல்லாம் சட்டம் ஒழுங்கு பிரச்சினைன்னா மட்டும்தான் ராத்திரி அனுமதி உண்டு. எஃப்.ஐ.ஆர்.ல பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தோட பிரிவு 174ன்னு வேற எழுதியிருக்கீங்க. 2024 ஜூலை 1 முதல் அது புதுச் சட்டமான பி.என்.எஸ்.எஸ்.ல பிரிவு 194.

வைவா வோசி: எனக்குக் கொலைக் காரணம்தான் நொண்டுது. பல்கலைக்கழக மானியக் குழுவோட (யு.ஜி.சி.) 2018 விதிப்படி 10க்கு மேல 40 சதவீதம் வரைக்கும் காப்பின்னா, ஆறு மாசத்துக்குள்ள திருத்திக் கொடுக்கணும், அவ்வளவுதான். 35க்கு யாராவது கொலை பண்ணுவாங்களா? 60ஐத் தாண்டினாத்தான் ஆய்வுப் படிப்புப் பதிவே ரத்து.

சோலைக்குருவி: விதி என்ன சொல்லுதுன்னு பார்த்தா கொலை பண்ணுவாங்க? மானம் போகுதே!

வைவா வோசி: மானம்னா அதைக் காட்சியா வைங்க, சதவீதத்தைச் சொல்லி பயமுறுத்தாதீங்க. இல்லேன்னா கொலையாளியைப் பேராசிரியரா மாத்துங்க. 60க்கு மேல போனா அவருக்கு ரெண்டு இன்க்ரிமென்ட் போகும், மூணு வருஷம் புது மாணவரை எடுக்க முடியாது.

கதைப்பட்டறை: பேராசிரியர்னா ஐந்தாம் பாகத்தை முழுசா மாத்தணும். 35ஐ 65 ஆக்கிடறேன்.