ஜப்பானிய ஐஎம்இ டிஎல்எல் தொல்லைகள்: உங்களுக்கு நேர்ந்ததையும் எழுதுங்கள்

டோக்கியோவில் ஒரு நிறுவனத்தின் மென்பொருள்களைப் பராமரிக்கிற குழுவில் இருக்கிறேன். கிடங்கு இருப்பைப் பதிய அவர்களே எழுதிக்கொண்ட பழைய 32-பிட் மென்பொருள் ஒன்று உண்டு. குறிப்புப் பெட்டியில் ஜப்பானிய மொழியில் நீளமாகத் தட்டினால் பட்டென்று மூடிக்கொள்ளும். இரண்டு மூன்று சொல் என்றால் ஒன்றும் ஆகாது. ஆங்கிலத்தில் எவ்வளவு தட்டினாலும் ஆகாது.

விண்டோஸின் நிகழ்வுப் பதிவைக் காட்டும் ஈவென்ட் வியூவரில் பார்த்தால், பழுதான மாட்யூல் என்ற இடத்தில் ஐஎம்ஜேபி என்று தொடங்கும் ஒரு டிஎல்எல் (மென்பொருள்கள் ஏற்றிக்கொள்ளும் நிரல் கோப்பு). அவ்வளவுதான், ஐஎம்இ, அதாவது தட்டுவதை ஜப்பானிய எழுத்தாக மாற்றும் உள்ளீட்டுக் கருவி, கெட்டுவிட்டது என்று எல்லோரும் முடிவுகட்டிவிட்டார்கள். புதிதாகச் சேர்ந்த பையன் ஒருவன் டிஎல்எல்லை இலவசமாகத் தருகிற தளம் ஒன்றைத் தேடிப் பிடித்து, இறக்கவும் தயாராக இருந்தான். தடுத்துவிட்டோம். உங்கள் விசைத்தட்டல் அத்தனையும் கடந்துபோகிற கோப்பை முகம் தெரியாத இடத்திலிருந்து எடுத்துப் போடுவதைப் போன்ற ஆபத்து வேறில்லை. விண்டோஸின் எஸ்எஃப்சி ஸ்கேன்நௌ சோதனையை ஓட்டினோம். கணினிக் கோப்புகள் எல்லாம் சுத்தம்.

ஜப்பானிய உள்ளீட்டில் கவனிக்க வேண்டியது இதுதான்: ஐஎம்இ முழுக்கத் தனியாக ஓடுவதில்லை. நீங்கள் எந்த மென்பொருளில் தட்டுகிறீர்களோ, அதன் நினைவகத்துக்குள்ளேயே அதன் டிஎல்எல் ஏற்றப்படுகிறது. விண்டோஸில் இதற்குப் பழைய வழி ஐஎம்எம்32.டிஎல்எல், பிந்தைய வழி எம்எஸ்சிடிஎஃப்.டிஎல்எல். ஆக, மென்பொருள் தன் நினைவகத்தைத் தானே கெடுத்துக்கொண்டாலும், விழுந்த இடம் என்று பதிவில் ஐஎம்இயின் பெயர் வரலாம்.

இங்கே நடந்ததும் அதுதான். தட்டிக்கொண்டிருக்கும் சரத்தை வாங்க இம்கெட்காம்போசிஷன்ஸ்ட்ரிங் என்ற அழைப்பு உண்டு. யூனிகோட் வடிவத்திலும் அது நீளத்தை பைட் கணக்கில்தான் திருப்பித் தரும், சரம் முடிந்ததைக் காட்டும் பூஜ்யத்தையும் கடைசியில் போடாது. இவர்கள் நிரலில் 64 எழுத்துக்கு இடம் ஒதுக்கி, வந்த எண்ணை எழுத்துக் கணக்காக எடுத்துக்கொண்டு, அந்த இடத்தில் பூஜ்யம் எழுதியிருந்தார்கள். கானா (ஜப்பானிய அசையெழுத்து) ஒன்றுக்கு 2 பைட். 31 எழுத்து வரை பிழைத்தது. 32-வது வந்ததும் பூஜ்யம் வெளியே விழுந்தது. ஆங்கிலத்தில் நேரடியாகத் தட்டும்போது இந்த அழைப்புக்கே வேலையில்லை. இரண்டால் வகுத்ததோடு சரியாகிவிட்டது.

*

அண்ணா, நான் இருப்பது ஒசாகாவில், ஹெல்ப்டெஸ்க். எங்களுக்கு வருவதெல்லாம் இதைவிடச் சின்ன விஷயம், ஆனால் சத்தம் அதிகம். கடவுச்சொல் ஏற்கவில்லை என்று அழைப்பு வரும். அதில் @ இருக்கும். ஜப்பானிய விசைப்பலகையில் @ தனி விசை. ஷிஃப்ட்டோடு 2 அழுத்தினால் மேற்கோள் குறி வரும். கணினியோ 101 விசை அமெரிக்கப் பலகை என்று நினைத்துக்கொண்டிருக்கும். கேபிடி106.டிஎல்எல் இருக்க வேண்டிய இடத்தில் கேபிடி101.டிஎல்எல் உட்கார்ந்திருக்கும். கடவுச்சொல் புள்ளி புள்ளியாகத் தெரிவதால் யாருக்கும் புரியாது. ஜப்பானிய மொழியின் அமைப்புக்குள் போய் வன்பொருள் விசைப்பலகையை 106/109 என்று மாற்றி, மறுதொடக்கம் செய்ய வேண்டும். மறுதொடக்கம் செய்யாமல் "மாற்றியும் சரியாகவில்லை" என்று திரும்ப அழைப்பார்கள்.

இன்னொன்று: கணினியை வேகமாக்குகிறேன் என்று யாராவது ஒரு கருவியை ஓட்டியிருப்பார்கள். அது டாஸ்க் ஷெட்யூலரில் எம்எஸ்சிடிஎஃப்மானிட்டர் என்ற பணியை அணைத்துவிடும். உள்ளீட்டைக் கவனிக்கிற சிடிஎஃப்மான் நிரல் எழாது. விண்டோஸ் 10-இல் தேடல் பெட்டியில் ஆங்கிலம்கூட விழாது. பணியை மறுபடி இயக்கினால் போதும், எதையும் நிறுவ வேண்டாம்.

*

லினக்ஸ் பக்கமிருந்து ஒன்று. மோஸ்க் என்பது 2010-இல் திறமூலமாக வந்த கூகுளின் ஜப்பானிய உள்ளீடு. அதில் மாற்றும் வேலையைத் தனி சர்வர் செயல்முறை பார்த்துக்கொள்ளும், மென்பொருளுக்குள் போவது மெலிந்த பகுதிதான். முதலில் எழுதியவருடைய சங்கடத்தை யோசித்தால் நல்ல ஏற்பாடு என்பேன். திறமூலத்தோடு வரும் அகராதி மட்டும் கொஞ்சம் ஏழை. ஆட்களின் பெயர் அடிக்கும்போது தெரியும்.

ஆனாலும் அந்த மெலிந்த பகுதியே காலை வாரும். எனக்கு எல்லா மென்பொருளிலும் ஜப்பானிய மொழி வந்தது, ஒரு வரைபட மென்பொருளில் மட்டும் வரவில்லை. எந்த உள்ளீட்டைப் பயன்படுத்துவது என்று சொல்லும் எக்ஸ்மாடிஃபையர்ஸ், க்யூடிஐஎம்மாட்யூல் மாறிகளெல்லாம் சரியாக இருந்தன. அந்த மென்பொருள் தன் க்யூடி நூலகங்களை (சாளரம், பொத்தான் எல்லாம் வரைபவை) தானே சுமந்துவந்திருந்தது. அதன் உள்ளீட்டுச் செருகிகள் கோப்புறையில் மோஸ்க்கை மென்பொருள்களோடு இணைக்கிற ஃபிசிடிக்ஸுக்கான எஸ்ஓ கோப்பு (லினக்ஸின் டிஎல்எல்) இல்லை. கணினியில் இருந்ததை நகலெடுத்துப் போட்டேன், ஏற்கவில்லை. அவர்கள் கொண்டுவந்த க்யூடியும் கணினியின் க்யூடியும் வேறு வேறு பதிப்பு. கடைசியில் அதே பதிப்புக்கு ஃபிசிடிக்ஸ் செருகியைத் தனியாகத் தொகுத்துப் போட்டதும் கானா விழுந்தது.

*

நீங்களெல்லாம் கொடுத்துவைத்தவர்கள். விண்டோஸ் எக்ஸ்பி காலத்தில் சென்னையில் ஜேஎல்பிடி என்ற ஜப்பானிய மொழித் தேர்வுக்குப் படித்தவர்களைக் கேளுங்கள். வட்டார மொழி அமைப்பில் இரண்டு பெட்டிகள் இருக்கும். முதல் பெட்டி சிக்கலான எழுத்துமுறைகளுக்கு, அதாவது நம் தமிழுக்கும் அதுதான். இரண்டாவது கிழக்காசிய மொழிகளுக்கு, 230 எம்பி இடம் கேட்கும். டிக் பண்ணினால் உடனே விண்டோஸ் சிடியைப் போடு என்று நிற்கும். பிரவுசிங் சென்டரில் சிடிக்கு எங்கே போவது? உரிமையாளர் நல்ல மனிதராக இருந்தால் ஐ386 கோப்புறையை வன்தட்டில் நகலெடுத்து வைத்திருப்பார், லாங் துணைக்கோப்புறையோடு. அது இருக்கிற கடையாகப் பார்த்துத்தான் போவோம்.

ஒரு சந்தேகம், முதலில் எழுதியவருக்கு: உங்கள் 32-பிட் மென்பொருள் 64-பிட் விண்டோஸில் ஓடும்போது ஐஎம்இயின் 32-பிட் டிஎல்எல் 32-பிட் கணினிக் கோப்புகள் இருக்கும் சிஸ்வாவ்64 கோப்புறைப் பக்கமிருந்துதானே வரும்?

*

ஆமாம், அங்கிருந்துதான். 64-பிட் டிஎல்எல்லை 32-பிட் செயல்முறைக்குள் ஏற்ற முடியாது, அதனால் இரண்டு தொகுப்பும் இருந்தாக வேண்டும். ஒரே பெயரில் இரண்டு இருக்கிறதே என்று ஒன்றை அழிக்கப் போகிறவர்களை நானும் பார்த்திருக்கிறேன்.